உஷார்! பாட்டை அலசுகிற பிளகின், வீட்டுக் கணக்கையே பூட்டிவிடும்!

பாட்டு ரெக்கார்டிங் செய்கிற பிள்ளைகளே, ஒரு நிமிஷம் நில்லுங்கள்! அந்த டவுன்லோட் பட்டனை அமுக்குவதற்கு முன்னால் இதைப் படித்துவிடுங்கள். பெற்றவர்களும் படியுங்கள். மகனோ மகளோ பாட்டு எடிட் செய்கிற அதே கம்ப்யூட்டரில் பட்டறைக் கணக்கையும் ஜி.எஸ்.டி. பில்லையும் வைத்திருக்கிறவர்கள் கட்டாயம் படியுங்கள்.

பிளகின் என்பது பாட்டு ஃபைல் இல்லை. அது ஒரு புரோகிராம்!

நிறையப் பேருக்கு இது தெரிவதில்லை. பாட்டு ஃபைலைத் திறந்தால் பாட்டு கேட்கும், அவ்வளவுதான். பிளகினை ஃபோல்டரில் போட்டு, எடிட்டிங் சாஃப்ட்வேரில் இயக்கிவிட்டால் அது தன் வேலையைத் தானே பார்க்க ஆரம்பித்துவிடும். அந்த மெஷினில் நீங்கள் எதையெல்லாம் திறந்து பார்க்க முடியுமோ, அதில் பெரும்பாலானதை அதனாலும் திறந்து பார்க்க முடியும். போட்டோ, பேங்க் ஸ்டேட்மென்ட், பிரவுசரில் சேமித்து வைத்த பாஸ்வேர்டு, எதுவும் பாக்கி இல்லை. முன்பின் தெரியாத ஆளிடம் வீட்டுச் சாவிக் கொத்தைக் கொடுத்து "உள்ளே போய் ஃபேனை மட்டும் ரிப்பேர் பண்ணு" என்று சொல்வோமா? சொல்ல மாட்டோம். ஆனால் பிளகின் விஷயத்தில் தினமும் அதைத்தான் செய்துகொண்டிருக்கிறோம்.

மேனாம்பேட்டில் ஒரு வீட்டில் நடந்ததைச் சொல்கிறேன். யார், எவர் என்பது வேண்டாம். அப்பாவுக்கு அம்பத்தூர் எஸ்டேட்டில் சின்ன லேத் பட்டறை. மகன் படிப்பை முடித்துவிட்டு மாடி ரூமில் மைக் வைத்துப் பாட்டு ரெக்கார்டிங் செய்கிறான். நல்ல பையன், உழைக்கிற பையன். வீட்டில் இருப்பது ஒரே கம்ப்யூட்டர். டேலி கணக்கும் அதில்தான், கம்பெனிகளுக்கு அனுப்பிய கொட்டேஷனும் அதில்தான், பார்ட்ஸ் டிராயிங்கும் அதில்தான். மகனின் பாட்டும் அதிலேயே.

ஆடி மாதத்துக்காக ஓர் அம்மன் பாட்டு வேலை வந்தது. பாடியவர் எந்தக் கட்டையில் பாடியிருக்கிறார், தாளம் எங்கே இழுக்கிறது என்று பார்க்க வேண்டும். அதற்கென்றே பாட்டை அலசிச் சொல்கிற பிளகின்கள் இருக்கின்றன. காசு கொடுக்காமல், நேர் வழியிலேயே கிடைக்கின்றன. பையனும் முதலில் அதில் ஒன்றைத்தான் இறக்கினான். சொன்ன ஃபோல்டரில் போட்டான். ஆடாசிட்டி என்கிற எடிட்டிங் சாஃப்ட்வேரைத் திறந்தான். பட்டியலில் அந்தப் பெயரே இல்லை.

ஏன் வரவில்லை? அவன் மெஷினில் இருந்தது 64 பிட் ஆடாசிட்டி. அவன் இறக்கியது 32 பிட் பிளகின். இரண்டும் சேராது. திரும்பவும் போய் 64 பிட் ஃபைலை எடுத்திருந்தால் இரண்டு நிமிஷத்தில் கதை முடிந்திருக்கும். அவனுக்கு அது தெரியவில்லை. "இது டூப்பு பிளகின் போல" என்று நினைத்துவிட்டான்.

அங்கேதான் வழி தவறினான். "எல்லா பிளகினும் ஒரே பேக்கில், ஃபுல் வெர்ஷன்" என்று ஒரு தளம் கூப்பிட்டது. ஒரு ஜிப் ஃபைல். அதற்கு ஒரு பாஸ்வேர்டு. கூடவே ஒரு குறிப்பு: ஆன்டிவைரஸை ஆஃப் செய்துவிட்டு இன்ஸ்டால் செய்யவும், வருகிற எச்சரிக்கையைப் பொருட்படுத்த வேண்டாம். பையன் ஆஃப் செய்தான். டபுள் கிளிக் செய்தான். கொஞ்ச நேரத்தில் விண்டோஸ் அப்டேட் ஆகிற மாதிரி ஒரு திரை வந்தது. சரி, அப்டேட் ஆகட்டும் என்று கீழே சாப்பிடப் போய்விட்டான்.

அது அப்டேட் இல்லை! அந்தத் திரைக்குப் பின்னால் ஒவ்வொரு ஃபைலாகப் பூட்டு விழுந்துகொண்டிருந்தது.

சாப்பிட்டுவிட்டு மேலே வந்தால், எல்லா ஃபைல் பெயருக்கும் பின்னால் புதிதாக நாலு எழுத்து. பாட்டு திறக்கவில்லை. டேலி திறக்கவில்லை. டிராயிங் திறக்கவில்லை. ஒவ்வொரு ஃபோல்டரிலும் ஓர் ஓலை: 980 டாலர் கட்டு, 72 மணி நேரத்துக்குள் பேசினால் பாதி, 490 டாலர். பேக்கப் எடுத்து வைத்திருந்த ஹார்ட் டிஸ்க்? அது மெஷினோடு சேர்த்துச் செருகியே இருந்தது. அதுவும் போயிற்று.

அந்த அப்பா முதலில் கேட்டது ஒன்றுதான்: "டேய், பட்டறை கணக்கு இருக்குல்ல?" பையனால் பதில் சொல்ல முடியவில்லை.

ஃபைலைப் பூட்டிப் பணம் பறிக்கிற புரோகிராமுக்கு ரான்சம்வேர் என்று பெயர். ஸ்டாப் என்றும் டிஜேவு என்றும் சொல்லப்படுகிற ரான்சம்வேரின் நடைமுறை அச்சு அசல் இதுதான். பொய் அப்டேட் திரை, 980 டாலர், பாதி விலை ஆசை, எல்லாம் அதன் அடையாளங்கள். கிராக், கீஜென் என்று திருட்டு சாஃப்ட்வேரின் முதுகில் ஏறித்தான் அது ஊர் ஊராகப் பரவியது. பெரிய கம்பெனிகளை விட்டுவிட்டு வீட்டுக் கம்ப்யூட்டர்களைக் குறிவைப்பதுதான் அதன் பிழைப்பு. பூட்டுவதோடும் நிற்காது. பாஸ்வேர்டு திருடுகிற இன்னொரு புரோகிராமையும் பல நேரம் கூடவே இறக்கிவிடும். எம்சிசாஃப்ட் நிறுவனம் 2019 அக்டோபரில் இதன் 148 வகைகளுக்கு இலவசச் சாவி வெளியிட்டது. அதற்குப் பிறகு வந்த வகைகளில் பெரும்பாலும் அந்தச் சாவி வேலை செய்வதில்லை. போன ஃபைல் போனதுதான்.

"எங்க வீட்டுல மேக் ஆச்சே, மேக்குக்கு வைரஸ் வராதே" என்று சொல்கிறவர்களுக்கும் ஒரு சேதி. மேக்கைத் தாக்கிய ஒன்றை அடையாளம் காட்டியதே நம்ம சென்னை நிறுவனம்தான். 2020 ஜூன் மாதக் கடைசியில், சென்னையைத் தலைமையிடமாகக் கொண்ட கே7 கம்ப்யூட்டிங்கின் ஆய்வாளர் தினேஷ் தேவதாஸ், மேக்கைத் தாக்குகிற புது ரான்சம்வேர் ஒன்றை உலகத்துக்கு அடையாளம் காட்டினார். முதலில் ஈவில்குவெஸ்ட் என்று அழைத்தார்கள், பிறகு தீஃப்குவெஸ்ட் என்று பெயர் மாறியது. அது எதற்குள் ஒளிந்து வந்தது தெரியுமா? திருட்டு ஏபிள்டன் லைவ், திருட்டு மிக்ஸ்டு இன் கீ! மிக்ஸ்டு இன் கீ என்பது ஒரு பாட்டு எந்த ஸ்ருதியில் இருக்கிறது என்று அலசிச் சொல்கிற சாஃப்ட்வேர். டி.ஜே.க்கள் காசு கொடுத்து வாங்குவது. மேனாம்பேட்டுப் பையன் தேடியதும் அதே வேலைக்கான பொருளைத்தான்.

தீஃப்குவெஸ்ட் கேட்டது வெறும் 50 டாலர். மூன்று நாள் கெடு. 50 டாலர்தானே, கட்டித் தொலைத்துவிடலாம் என்றுதான் தோன்றும். கட்டினாலும் பயன் இருந்திருக்காது. எல்லோருக்கும் ஒரே பிட்காயின் முகவரி, தொடர்புகொள்ள ஒரு இமெயில்கூட இல்லை. யார் கட்டினார்கள் என்று அவர்களுக்கே தெரிய வழியில்லை. ஃபைலைப் பூட்டுவது ஒரு பக்கம் நடக்க, மறுபக்கம் அது கம்ப்யூட்டரில் இருந்த ஃபைல்களை வெளியே அனுப்பியது. நீங்கள் தட்டுகிற ஒவ்வொரு எழுத்தையும் பதிவு செய்தது. அதிர்ஷ்டவசமாக, அடுத்த மாதமே சென்டினல்ஒன் நிறுவனம் பூட்டைத் திறக்கிற இலவசக் கருவியை வெளியிட்டது. பூட்டு திறந்தது சரி, திருடு போன பாஸ்வேர்டு திரும்பியா வரும்?

சத்தமே போடாமல் சுரண்டுகிற வகையும் உண்டு. 2019 ஜூனில் ஈசெட் நிறுவனம் லவுட்மைனர் என்ற ஒன்றைப் பற்றி எழுதியது. திருட்டு ஆடியோ சாஃப்ட்வேரும் பிளகினுமாக 137 தொகுப்புகள். அதில் 42 விண்டோஸுக்கு, 95 மேக்குக்கு. இன்ஸ்டால் செய்தால் கேட்ட பிளகின் ஒழுங்காகவே வேலை செய்யும்! ஆனால் கம்ப்யூட்டருக்குள்ளே இன்னொரு குட்டி லினக்ஸ் கம்ப்யூட்டரை ரகசியமாக ஓடவிட்டு, உங்கள் மெஷினை வைத்து யாரோ ஒருவர் கிரிப்டோ காசு சம்பாதித்துக்கொண்டிருப்பார். மெஷின் இரவும் பகலும் சூடாகும். ஃபேன் அலறும். இ.பி. பில் எகிறும்.

ஆடியோக்காரர்களை ஏன் குறிவைத்தார்கள்? யோசித்துப் பாருங்கள். பாட்டு மிக்ஸ் செய்கிறவர்களிடம் நல்ல சக்தியுள்ள மெஷின் இருக்கும். அது திணறினாலும் "மிக்ஸிங் ஓடுது, அப்படித்தான் இருக்கும்" என்று விட்டுவிடுவார்கள். ஆடியோ சாஃப்ட்வேர் பெரிய பெரிய சைஸில் வருவதால், ஒரு முழு லினக்ஸையே உள்ளே ஒளித்தாலும் யாருக்கும் சந்தேகம் வராது. உங்கள் பழக்கத்தைப் படித்துத்தான் வலை விரிக்கிறார்கள், தம்பி!

இனி அபாய அறிகுறிகளுக்கு வருகிறேன். இதைப் பிள்ளைகளிடம் வாய்விட்டுப் படித்துக் காட்டினாலும் தப்பில்லை.

ஆன்டிவைரஸை ஆஃப் செய் என்று எந்தக் குறிப்பு சொன்னாலும், அங்கேயே நிறுத்துங்கள்!

ஒழுங்கான பிளகின் எழுதுகிறவர் அப்படிக் கேட்க மாட்டார். காவல்காரனை வெளியே அனுப்பச் சொல்கிறவன் எதற்காகச் சொல்கிறான் என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

ஜிப் ஃபைலுக்குப் பாஸ்வேர்டு போட்டு, அந்தப் பாஸ்வேர்டைப் பக்கத்திலேயே எழுதி வைத்திருக்கிறார்களா? ஜாக்கிரதை! உங்களிடமிருந்து காப்பாற்றப் போட்ட பூட்டு இல்லை அது. ஆன்டிவைரஸ் உள்ளே எட்டிப் பார்க்கக் கூடாது என்று போட்ட பூட்டு.

விண்டோஸில் பிளகின் பெரும்பாலும் டி.எல்.எல். என்று முடியும், அல்லது வி.எஸ்.டி.3 என்று முடியும். பெயர் அப்படித் தெரிந்தாலும் அதற்குப் பின்னால் ஒரு ஈ.எக்ஸ்.ஈ. ஒளிந்திருக்கலாம். ஃபைல் பெயரின் கடைசிப் பகுதியை விண்டோஸ் வழக்கமாக மறைத்தே காட்டும். ஃபைல் எக்ஸ்ப்ளோரரில் வியூ பகுதிக்குப் போய் ஃபைல் நேம் எக்ஸ்டென்ஷன்ஸ் என்பதை ஆன் செய்துவையுங்கள். இன்றே செய்யுங்கள். வந்திருப்பது இன்ஸ்டாலர் என்றால், அதன்மேல் ரைட் கிளிக் செய்து பிராப்பர்ட்டீஸில் டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ் இருக்கிறதா, யார் பெயரில் இருக்கிறது என்று பாருங்கள்.

மேக்கில் ஒரு தந்திரம் நடக்கிறது. "இது சேதமான ஃபைல், குப்பையில் போடவும்" என்றோ, "யார் செய்தது என்று உறுதி செய்ய முடியவில்லை" என்றோ மேக் தடுக்கும். உடனே அந்தத் தளம் சொல்லும்: டெர்மினலைத் திற, இந்த வரியை ஒட்டு, பாஸ்வேர்டைப் போடு. அந்த வரியால் கேட்கீப்பர் என்கிற பாதுகாப்பே அணைந்துவிடலாம். அணைந்துவிட்டால், பிறகு வருகிற எதையும் அது தடுக்காது. உண்மைதான், பல்கலைக்கழகத்து ஆராய்ச்சியாளர்கள் எழுதிய நல்ல பிளகின்களையும் சில நேரம் மேக் தடுக்கிறது. எல்லோரும் ஆப்பிளிடம் பதிவு செய்வதில்லை. அந்த மாதிரி நேரத்தில் சிஸ்டம் செட்டிங்ஸில் பிரைவசி அண்ட் செக்யூரிட்டி பகுதிக்குப் போய், அந்த ஒன்றை மட்டும் அனுமதிக்கலாம். அதுவும் அதன் சொந்தத் தளத்திலிருந்து இறக்கியிருந்தால் மட்டும். மொத்தக் காவலையும் அணைக்கவே கூடாது.

லினக்ஸ்காரர்களை நினைத்தால்தான் எனக்கு ரொம்பப் பயம். "நம்மை யாரும் தொட முடியாது" என்ற நம்பிக்கை அவர்களுக்கு. எங்கோ பார்த்த ஒரு வரியை சூடோ போட்டு அப்படியே ஒட்டுவார்கள். சூடோ என்றால் மெஷினின் முழு அதிகாரமும்! பாட்டை அலசுகிற வாம்ப் வகை பிளகின்களுக்கு அது பெரும்பாலும் தேவையே இல்லை. உங்கள் ஹோம் ஃபோல்டருக்குள் வாம்ப் என்று ஒரு ஃபோல்டர் உருவாக்கி, எஸ்.ஓ. என்று முடிகிற ஃபைலை அதில் போட்டால் போதும். மேக்கிலும் அப்படித்தான். உங்கள் சொந்த லைப்ரரி ஃபோல்டரில் ஆடியோ, அதற்குள் பிளக்-இன்ஸ், அதற்குள் வாம்ப். அட்மின் பாஸ்வேர்டு கேட்காது. விண்டோஸில் மட்டும் புரோகிராம் ஃபைல்ஸுக்குள் இருக்கிற வாம்ப் பிளகின்ஸ் ஃபோல்டரில் போடுவதால் அனுமதி கேட்கும். மற்றபடி, ஒற்றை ஃபைலைக் காப்பி செய்கிற வேலைக்கு எவனாவது மெஷினின் முழு அதிகாரத்தைக் கேட்டால், கொடுக்காதீர்கள்.

இன்ஸ்டால் செய்தும் பிளகின் தெரியவில்லையா? பதறாதீர்கள். வேறு தளம் தேடி ஓடாதீர்கள்! பெரும்பாலும் காரணம் சின்னதாக இருக்கும். 32 பிட், 64 பிட் மாறியிருக்கும். மேக் என்றால், 2019இல் வந்த கேட்டலினாவிலிருந்து 32 பிட் எதுவுமே ஓடாது. 2020 கடைசியில் வந்த எம்1 சிப்பும் அதற்குப் பின்வந்தவையும் வேறு ஜாதி. பழைய இன்டெல் மேக்குக்கு எழுதிய பிளகின், எம் சிப்புக்கென்றே வந்த சாஃப்ட்வேரில் ஏறாமல் போகலாம். விண்டோஸ் ஃபைலை மேக்கில் போட்டாலும் தெரியாது, லினக்ஸ் ஃபைலை விண்டோஸில் போட்டாலும் தெரியாது. இப்படி ஒரு சின்னப் பொருத்தம் தெரியாமல் கோபப்பட்டுத்தான் பிள்ளைகள் திருட்டுத் தளத்துக்குப் போகிறார்கள். அந்தக் கோபத்துக்காகவே அங்கே காத்திருக்கிறார்கள்.

நேரான தளம் என்றாலும் கண்ணை மூடிக்கொள்ள முடியாது. 2016 ஆகஸ்டில், அப்போது ஆடாசிட்டி வினியோகமான ஃபாஸ்ஹப் தளத்துக்குள்ளேயே ஆட்கள் புகுந்து, சில மணி நேரம் இன்ஸ்டாலரை மாற்றி வைத்துவிட்டார்கள். அதை ஓடவிட்டு ரீஸ்டார்ட் செய்தவர்களின் மெஷின் விண்டோஸுக்குள் போகாமலே நின்றுவிட்டது. அதனால்தான் சொல்கிறேன், இறக்கியதை உடனே திறக்காதீர்கள். வைரஸ்டோட்டல் தளத்தில் ஒருமுறை ஏற்றிச் சோதியுங்கள். நிறைய ஆன்டிவைரஸ்கள் சேர்ந்து பார்த்துச் சொல்லும், காசு கிடையாது. ஆனால் சொந்தக் கணக்கு ஃபைலை அங்கே ஏற்றாதீர்கள். இறக்கிய ஃபைலை மட்டும்.

யூடியூப் சேனல் வைத்திருக்கிறவர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. யூடியூபர்களைக் குறிவைக்கிற திருடர்களைப் பற்றி 2021 அக்டோபரில் கூகுள் எச்சரித்தது. ஒப்பந்தம் பேசுகிற மாதிரி பேசி, சாஃப்ட்வேரை ட்ரை பண்ணிப் பாருங்கள் என்று அனுப்புவார்கள். ஓடவிட்டால் பிரவுசரின் குக்கீயை அள்ளிக்கொண்டு போய்விடும். குக்கீ போனால் பாஸ்வேர்டும் வேண்டாம், ஓ.டி.பி.யும் வேண்டாம். நீங்கள் லாகின் செய்த நிலையிலேயே அவன் உள்ளே வந்துவிடுவான். இப்படிப் பறித்த சேனல்கள் 3 டாலரிலிருந்து 4,000 டாலர் வரை விலை போயின. நாலு வருஷம் பாடிச் சேர்த்த சேனல், டீக்காசுக்கு!

இவ்வளவு ஆபத்தை எதற்காக வாங்க வேண்டும்? இந்த வேலைக்கான நல்ல பொருள்கள் இலவசமாகவே இருக்கின்றனவே! லண்டன் குவீன் மேரி பல்கலைக்கழகத்தில் உருவான சோனிக் விஷுவலைசர் விண்டோஸ், மேக், லினக்ஸ் மூன்றுக்கும் இலவசம். வாம்ப் பிளகின் பேக் என்று பல பிளகின்களை ஒரே இன்ஸ்டாலரில் அவர்களே தருகிறார்கள், எந்த ஃபோல்டர் என்ற தலைவலியே இல்லை. பாடியவரின் சுருதிக் கோட்டை வரைந்து காட்டுகிற மெலோடியா, பார்சிலோனா ஆராய்ச்சியாளர்கள் உருவாக்கியது. அந்த ஆராய்ச்சியாளர்களின் பல்கலைக்கழகம் நம்ம ஐ.ஐ.டி. மெட்ராஸோடு சேர்ந்து காம்ப்மியூசிக் என்ற திட்டத்தில் கர்நாடக சங்கீதத்தையே கம்ப்யூட்டரில் ஆராய்ந்தது. ஸ்பெக்ட்ரம் பார்க்க வோக்சென்கோவின் ஸ்பான் இலவசம். சத்தம் எத்தனை எல்.யூ.எஃப்.எஸ். என்று பார்க்க யூலீன் லவுட்னஸ் மீட்டரில் இலவச வெர்ஷன் உண்டு. குரலை அலச ஆம்ஸ்டர்டாம் பல்கலைக்கழகத்தின் பிராட். லினக்ஸில் உங்கள் டிஸ்ட்ரோவின் சாஃப்ட்வேர் கடையிலேயே இவற்றில் சில கிடைக்கும். திருடத் தேவையே இல்லாத பொருளைத் திருடப் போய்தான் வீடு கொள்ளை போகிறது.

சட்டமும் சும்மா இருக்காது. திருட்டு சாஃப்ட்வேர் என்று தெரிந்தே பயன்படுத்தினால், பதிப்புரிமைச் சட்டத்தின் 63பி பிரிவில் 7 நாள் முதல் 3 வருஷம் வரை சிறை, 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம். சம்பாதிப்பதற்காக இல்லை என்றால் சிறையை விட்டுவிட்டு அபராதத்தோடு நிறுத்தக் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. ஆனால் காசு வாங்கிக்கொண்டு பாட்டு மிக்ஸ் செய்கிறவர் அப்படிச் சொல்லித் தப்ப முடியாது.

ஏற்கெனவே மாட்டிக்கொண்டால்? நெட் வயரைப் பிடுங்குங்கள், வைஃபையை அணையுங்கள். செருகியிருக்கிற ஹார்ட் டிஸ்க், பென் டிரைவ் எல்லாவற்றையும் உடனே எடுங்கள். பணம் கட்டாதீர்கள்! கட்டினால் சாவி வரும் என்று எந்த உத்தரவாதமும் இல்லை. அவசரப்பட்டு ஃபார்மட்டும் செய்யாதீர்கள். கடையில் "ஃபார்மட் அடிச்சுடலாம் சார்" என்றுதான் முதலில் சொல்வார்கள். பூட்டிய ஃபைல்களை அப்படியே ஒரு தனி டிஸ்க்கில் எடுத்து வைத்துவிட்டுப் பிறகு செய்யுங்கள். என்றைக்காவது சாவி வெளியாகலாம். ஐரோப்பியப் போலீஸும் பாதுகாப்பு நிறுவனங்களும் சேர்ந்து 2016இல் ஆரம்பித்த நோ மோர் ரான்சம் தளத்தில், உங்கள் பூட்டுக்கு இலவசச் சாவி இருக்கிறதா என்று தேடிப் பாருங்கள். பேங்க், ஜிமெயில், யூடியூப் பாஸ்வேர்டுகளை வேறொரு நல்ல மெஷினிலிருந்தோ போனிலிருந்தோ மாற்றுங்கள். எல்லா டிவைஸிலிருந்தும் லாக் அவுட் செய்துவிடுங்கள்.

மேனாம்பேடு, கருக்கு, கொரட்டூர் பக்கத்து மக்களே, உங்களுக்கு ஒரு வேண்டுகோள். பட்டறைக் கணக்கு இருக்கிற மெஷினில் பாட்டு வேலை வேண்டாம். இரண்டாவது மெஷின் வாங்க வசதி இல்லையென்றால், விண்டோஸிலேயே பிள்ளைக்கு அட்மின் அதிகாரம் இல்லாத தனி அக்கவுன்ட் போட்டுக் கொடுங்கள். டேலி ஃபோல்டர் அவன் அக்கவுன்ட்டில் திறக்காதபடி செய்துவையுங்கள். விண்டோஸ் 7 மெஷினில் கணக்கு எழுதுகிற கடைகள் இன்னும் இருக்கின்றன. அதற்குப் பாதுகாப்பு அப்டேட் 2020 ஜனவரியிலேயே நின்றுவிட்டது. விண்டோஸ் 10க்கும் 2025 அக்டோபர் 14ஆம் தேதியோடு வழக்கமான ஆதரவு முடிந்துவிட்டது.

பேக்கப் ஹார்ட் டிஸ்க் இந்த நிமிஷம் மெஷினில் செருகியிருக்கிறதா? எழுந்து போய்க் கழற்றி பீரோவில் வையுங்கள். பேக்கப் எடுக்கிற நேரம் மட்டும் செருகுங்கள்.

ஏதாவது நடந்துவிட்டால் மானம் போய்விடும் என்று மறைக்காதீர்கள். பிள்ளையை அடிக்காதீர்கள், திட்டாதீர்கள். பயந்த பிள்ளை மறைக்கும், மறைக்கிற நேரத்தில் பேங்க் கணக்கும் காலியாகும். பணம் போயிருந்தால் உடனே 1930க்குப் போன் செய்யுங்கள். எவ்வளவு சீக்கிரம் செய்கிறீர்களோ, அவ்வளவுக்குப் பணத்தை நடுவழியில் நிறுத்த வாய்ப்பு உண்டு. தேசிய சைபர் கிரைம் தளத்திலும் புகாரைப் பதிவு செய்யுங்கள். அம்பத்தூர் வட்டாரம் ஆவடி காவல் ஆணையரகத்தின் கீழ் வருகிறது, அங்கே சைபர் கிரைம் பிரிவு இருக்கிறது. மிரட்டல் ஓலையைப் போனில் போட்டோ எடுத்துக்கொண்டு நேரில் போங்கள்.